மரியாதை தெரியாத இந்தி

எனக்கு இந்தி தெரியும் என்பது கொஸ்லந்தைப் பக்கம் எல்லாருக்கும் தெரியும். அது எப்படிப்பட்ட இந்தி என்பதுதான் யாருக்கும் தெரியாது. எனக்கே தெரியாது. அதைக் கண்டுபிடித்துச் சொல்ல பம்பாயிலிருந்து ஒரு சினிமா டைரக்டர் வரவேண்டியிருந்தது.

அதை நான் எந்தப் பள்ளிக்கூடத்திலும் படிக்கவில்லை. கொழும்புக்கு வேலைக்கென்று போன புருஷன் திரும்பி வரவே இல்லை. மகள் அப்போதுதான் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியிருந்தாள். அவளை என் அக்காவிடம் விட்டுவிட்டு நான் குவைத்துக்குப் போனேன், வீட்டு வேலைக்கு. தேயிலைத் தோட்டத்திலிருந்து அப்படிப் போனவள் நான் ஒருத்தி மட்டும் இல்லை, எங்கள் வரிசை வீடுகளில் லயத்துக்கு ஒருத்தி போயிருப்பாள். மற்றவர்கள் அரபி பேசக் கற்றுக்கொண்டு வந்தார்கள். என்னை வேலைக்கு வைத்தது ஒரு வட இந்தியக் குடும்பம் என்பதால் நான் இந்தியோடு வந்தேன்.

மகள் ஃபோனில் கேட்பாள், "அம்மா, அங்க எப்படி இருக்க?"

"எனக்கென்னடி கொறச்சல்? ராணி மாதிரி இருக்கேன். மேடம் என்னைய அவங்க மகள் மாதிரி வச்சிருக்காங்க."

முதல் தடவை சொன்னபோது ஒரு வாரம் தூக்கம் வரவில்லை. பிறகு பழகிவிட்டது. பழகப் பழக அந்தப் பொய்க்குக் கையும் காலும் முளைத்தன. மேடம் எனக்குப் பட்டுச் சேலை எடுத்துக் கொடுத்தார், என்னைப் பக்கத்தில் உட்கார வைத்துச் சாப்பிட்டார், எனக்குக் காய்ச்சல் வந்தால் அவரே தைலம் தேய்த்தார். எல்லாம் நான் சமையலறையில் நின்றுகொண்டு கற்பனை செய்தவை. ஊருக்குத் திரும்பி வந்த பிறகும் அதை நான் விட்டுக்கொடுக்கவில்லை. மகள் படித்தாள், பதுளையில் டீச்சரானாள், அங்கேயே தங்கி வேலை செய்கிறாள். யாருக்கு என்ன தெரிந்தாலும் சரி, அங்கே நான் இருந்த இருப்பு அவளுக்கு மட்டும் தெரியக் கூடாது. தெரிந்தால் படித்த படிப்பெல்லாம் அவளுக்குத் தொண்டையில் முள்ளாக நிற்கும் என்று பயந்தேன். வீட்டில் அவள் இந்தியைப் பற்றிப் பேச்செடுத்தால், "அதெல்லாம் மறந்து போச்சு, போ" என்று எழுந்து போய்விடுவேன்.

இப்படி இருக்கும்போதுதான் சினிமாக்காரர்கள் வந்தார்கள். படப்பிடிப்பு ஹல்துமுல்லைக்கு மேலே ஒரு தோட்டத்தில். கதை நடப்பது இந்தியாவில் ஏதோ ஒரு மலையில், எடுப்பது நம்முடைய மலையில். எந்த நாடு என்று தேயிலையில் எழுதியா ஒட்டியிருக்கிறது? கொழும்பிலிருந்து கூட வந்த மனேஜர் பையன் சிங்களவன், நல்ல பிள்ளை, ஆனால் தமிழ் வராது. வந்தவர்களுக்கு இந்தியும் கொஞ்சம் இங்கிலீசும்தான் வரும். நடிக்கப் பிடித்த கொழுந்து பறிக்கும் பெண்களுக்கு அந்த இரண்டுமே வராது. முதல் நாளே, மலை ஏறுங்கள் என்று சொன்னதை வேலை முடிந்தது என்று புரிந்துகொண்டு அத்தனை பேரும் வீட்டுக்குப் போய்விட்டார்களாம். அப்போது தோட்டத்துக் கிளாக்கர் சொல்லியிருக்கிறார், "கொஸ்லந்தையில ஒரு குவைத்துக்காரி இருக்கா, இந்தியில வெளுத்து வாங்குவா."

குவைத்துக்காரி. திரும்பி வந்த நாளிலிருந்து அதுதான் எனக்குப் பேர். கடையில் சீனி வாங்கப் போனாலும் குவைத்துக்காரி, கோயிலில் விபூதி வாங்கப் போனாலும் குவைத்துக்காரி. அங்கே போய் என்னவெல்லாம் செய்தாளோ என்று அந்தப் பேருக்குள்ளேயே ஒரு கேள்வி வைத்துத்தான் கூப்பிடுவார்கள். இப்போது அதே பேரைச் சொல்லி, வேனை வீட்டு வாசலுக்கே அனுப்பிக் கூட்டிப் போகிறார்கள் என்றால் சும்மா இருப்பேனா? இருக்கிற சேலைகளில் நல்லதைக் கட்டிக்கொண்டு, பக்கத்து வீட்டுக்காரி பார்க்கட்டும் என்று மெதுவாகத்தான் வேனில் ஏறினேன்.

போய் இறங்கியதும் டைரக்டரைக் காட்டினார்கள். பாறைமேல் நின்று ஒரு நடிகனுக்கு எப்படி விழ வேண்டும் என்று தானே விழுந்து காட்டிக்கொண்டிருந்தார். வயது ஐம்பதுக்கு மேல் இருக்கும். நல்ல உயரம், தலையில் தொப்பி. மண்ணைத் தட்டிக்கொண்டு எழுந்து திரும்பிய முகத்தைப் பார்த்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எனக்குத் தெரிந்த முகம்!

குவைத் வீட்டு ஹாலில் பெரிய டிவி இருந்தது. சாயங்காலம் மேடமும் பிள்ளைகளும் படம் பார்ப்பார்கள். நான் ஓரமாக நின்று துணி மடிப்பேன், மடிக்கிற சாக்கில் பார்ப்பேன். படத்துக்குப் படம் ஒரு ஆள் வருவான். பணக்கார வீட்டு வேலைக்காரன். தோளில் துண்டு, கையில் தட்டு, வாயில் "ஜீ மாலிக்", சரிங்க முதலாளி, என்ற ஒரே வசனம். சில படங்களில் தட்டைக் கீழே போட்டு அறை வாங்குவான். அவன் அறை வாங்கும்போது பிள்ளைகள் கைதட்டிச் சிரிப்பார்கள். எனக்கு மட்டும் கன்னம் சுடும். அந்த ஹாலில் எனக்கு இனசனம் என்று இருந்தது அவன் ஒருவன்தான். அவன்தான் இப்போது தொப்பி போட்டுக்கொண்டு என் எதிரில் நிற்கிறான்.

சந்தோசத்தில் எனக்குத் தலைகால் புரியவில்லை. மனேஜர் பையன் அறிமுகம் செய்து வைப்பதற்கு முன்பே இந்தியில் கத்திவிட்டேன். "சார்! தூ வோ நௌகர் ஹை!"

சார், நீ அந்த வேலைக்காரன் தானே!

குடை பிடித்துக்கொண்டிருந்த பையன் குடையைத் தாழ்த்திவிட்டான். டைரக்டர் என்னை ஒரு முறை மேலும் கீழும் பார்த்தார். பிறகு தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, குனிந்து, "ஜீ மாலிக்" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நம் இந்தி நன்றாக எடுபடுகிறது என்று நினைத்துக்கொண்டேன்.

அன்றைக்கெல்லாம் நான் போட்ட போடு இருக்கிறதே! டைரக்டர் சொன்னதைப் பெண்களிடம் தமிழில் சொல்வேன், அவர்கள் சொன்னதை இந்தியில் திருப்பிச் சொல்வேன். அவர் எல்லாருக்கும் முதுகில் கூடை வேண்டும் என்றார். பெண்கள், "கூடைய யாரு இப்ப வச்சிருக்கா? எல்லாம் சாக்குதான்" என்றார்கள். நான் அவரைக் கையசைத்துக் கூப்பிட்டு, "சார், இதர் ஆ. பைட். சுன்" என்று உட்கார வைத்து விளக்கினேன். வெயில் வந்தால், "சார், உதர் ஜா." சாப்பாடு வந்தால், "சார், ஜல்தி கா." ஒவ்வொரு தடவையும் சுற்றியிருப்பவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்குவார்கள். டைரக்டர் மட்டும் சொன்னபடி வந்தார், உட்கார்ந்தார், போனார், சாப்பிட்டார். இவ்வளவு பெரிய மனிதன் எவ்வளவு தங்கமான குணம் என்று எனக்கு ஒரே ஆச்சரியம்.

மூன்றாவது நாளோ நாலாவது நாளோ, பனிமூட்டம் இறங்கி வேலை நின்றுவிட்டது. எல்லாரும் கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் ஒதுங்கினோம். அவர் தேத்தண்ணிக் கோப்பையோடு என் பக்கத்தில் வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். அவர் இந்தியில் பேசியதை நான் தமிழில் எழுதுகிறேன்.

"இந்திய எங்க கத்துக்கிட்ட?"

"குவைத்துல சார். ஒரு வீட்டுல."

"என்ன வேலை?"

"வீட்டு வேலை."

அவர் கோப்பையைக் கீழே வைத்தார். "நீ பேசுற இந்தியில வா, போ, ஒக்காரு, கொண்டா மட்டும்தான் இருக்கு. எல்லாமே அதட்டல். அது எப்படின்னு யோசிச்சியா?"

எனக்குப் புரியவில்லை. அவர் சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போல் சொன்னார். இந்தியில் 'தூ' என்றால் நீ. சாமியையும் பெற்ற பிள்ளையையும் தூ என்று கூப்பிடலாம். வேலைக்காரனையும் அப்படித்தான் கூப்பிடுவார்கள், ஆனால் அது வாடா போடா என்கிற நீ. பெரியவர்களுக்கும் வந்தவர்களுக்கும் 'ஆப்', நம்முடைய நீங்க. வா என்பது 'ஆ', வாங்க என்பது 'ஆயியே'. ஒரு பாஷையில் வாங்க என்கிற சொல் தெரியாமல் வா மட்டும் தெரிந்திருக்கிறது என்றால், அந்த ஆளிடம் யாரும் வாங்க என்று சொன்னதே இல்லை என்று அர்த்தம்.

"என்கிட்ட சார் சார்னு சொல்லிட்டே 'இங்க வாடா, ஒக்காருடா'ன்னு பேசிக்கிட்டிருக்க" என்று சிரித்தார்.

அட கடவுளே! எனக்கு உடம்பெல்லாம் கூசிப் போனது. ஆயியே என்ற சொல்லை நான் கேட்காதவள் இல்லை. டிவியில் கேட்டிருக்கிறேன். நம் பழைய ராஜா ராணிப் படங்களில் பேசுகிற தமிழ் மாதிரி அது சினிமாப் பேச்சு என்று நினைத்தேன். மேடம் விருந்தாளிகளிடம் பேசியதையும் கேட்டிருக்கிறேன். அது பணக்காரர்கள் தங்களுக்குள் குழைந்துகொள்வது என்று விட்டுவிட்டேன். என் காதுக்கென்று வந்ததெல்லாம் 'தூ' மட்டும்தான். நம் ஊரில் 'தூ' என்றால் துப்புவோம். அங்கே அதைச் சொல்லித்தான் என்னைக் கூப்பிட்டார்கள், நானும் என்ன மேடம் என்று ஓடினேன். அந்த வீட்டுப் பிள்ளைகளைத் தூ என்று சொல்லிச் சோறூட்டினேன். பெரியவர்களிடம் நான் பேசியதெல்லாம் "ஹா மேடம்" ஒன்றுதான்.

வெட்கம் போனதும் கோபம் வந்தது. எனக்கு அது எப்போதும் மூக்கு நுனியில்தான் இருக்கும். "அப்படின்னா மொத நாளே சொல்ல வேண்டியதுதானே? என்னைய வச்சு எல்லாரும் வேடிக்கை பாத்தீங்களா?"

"சொல்லியிருந்தா நீ வாயத் தெறந்திருக்க மாட்ட. எனக்கு வேலை நடக்கணும்." ஒளிவுமறைவில்லாமல் சொன்னார். பிறகு, "அதோட எனக்கு அது புடிச்சிருந்துச்சு. டைரக்டர் ஆனதுக்கப்புறம் என்னைய ஒருத்தரும் அப்படிக் கூப்பிடல" என்றார்.

மூட்டம் விலகும் வரைக்கும் தன் கதையைச் சொன்னார். நடிகனாக வேண்டும் என்று ஏதோ ஒரு சின்ன ஊரிலிருந்து ரயிலேறி வந்தவர். கதாநாயகனாவோம் என்ற எண்ணம்தான். கிடைத்ததெல்லாம் வேலைக்காரன் வேஷம். ஒரு படத்தில் நன்றாகச் செய்தால் அடுத்த படத்திலும் அதையே கொடுப்பார்களாம். இவர் ஒழுங்காக அறை வாங்குவார் என்று பேர் வந்துவிட்டது. சாப்பாட்டு நேரத்தில்கூட, "ஏய் நௌகர், அந்தத் தண்ணிய எடு" என்று கூப்பிடுவார்களாம். இவரும் எடுத்துக் கொடுப்பாராம்.

"ஆனா ஒண்ணு" என்றார். "வேலைக்காரன் வேஷம் போட்டவன் எல்லா ஸீன்லயும் மூலையில தட்டோட நிக்கணும். பேச்சு இல்ல, போகவும் முடியாது. மத்தவங்க வருவாங்க, பேசுவாங்க, போயிருவாங்க. நான் நின்னுக்கிட்டே இருப்பேன். கேமரா எங்க வைக்கிறாங்க, யாரு எந்தப் பக்கம் திரும்புறாங்க, எது தப்பு, எல்லாத்தையும் அங்கருந்து பாத்தேன். நான் டைரக்ஷன் படிச்சது அந்த மூலையிலதான்."

பிறகு உதவி டைரக்டராக ஒருவரிடம் சேர்ந்தார். நடிப்பை விட்டார். முதலில் எடுத்த படம் சின்னப் படம், ஓடியது. அடுத்தது பெரிய படம், படுத்துவிட்டது. பல வருஷம் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. திரும்ப எழுந்து நின்று எடுத்தவற்றில் ஒன்றிரண்டு படங்கள் பேர் வாங்கின. இன்றைக்கும் எந்த நடிகனுக்கும் வாயால் சொல்லிக் கொடுக்க அவருக்கு வராது, நடித்துத்தான் காட்ட வேண்டும். ராஜா என்றால் ராஜாவாக, கிழவி என்றால் கிழவியாக. மலையில் இந்தப் படத்துக் கதாநாயகிக்குக் கொழுந்து பறிக்கக் காட்டியபோது எங்கள் பெண்கள் சிரித்துச் சிரித்துக் கீழே உட்கார்ந்துவிட்டார்கள்.

அவர் இதையெல்லாம் சொல்லி முடித்த அன்றைக்கே மகளின் ஃபோன் வந்தது.

"அம்மா, நீ சினிமாக்காரங்களோட இந்தி பேசுறதப் பெரியம்மா சொல்லிருச்சு. சனிக்கிழம வாரேன். நீ இந்தி பேசுறத நான் பாக்கணும்."

"இங்க என்னடி இருக்கு பாக்க? ஒரே அட்டக்கடி."

"மறந்து போச்சு மறந்து போச்சுன்னு என்னைய ஏமாத்துனல்ல? நானும் இந்தி கிளாஸுக்குப் போறேன் தெரியுமா? பரீட்சையும் பாஸ் பண்ணிட்டேன். ஒனக்குச் சொல்லாம வச்சிருந்தேன்."

என் மகள் பாஷையை இலக்கணத்தோடு படிக்கிறவள். நான் ஒரு தடவை "சார், இதர் ஆ" என்றால் போதும், டைரக்டருக்குப் புரிந்தது அவளுக்கும் புரிந்துவிடும். பட்டுச் சேலையும் தைலமும் அங்கேயே காற்றில் பறக்கும். வராதே என்று சொல்லவும் முடியாது. ஏன் என்பாள்.

மறுநாள் காலையில் டைரக்டரிடம் போய் நின்றேன். விஷயத்தைச் சொன்னேன், பொய்யையும் சேர்த்துத்தான். அவர் சிரிக்கவில்லை. "சனிக்கிழமையா? அப்போ ரிகர்சல் பாக்கணும்" என்றார்.

சாப்பாட்டு நேரத்திலெல்லாம் எனக்குப் பாடம். அவர் வருவார், நான் "ஆயியே சார், பைட்டியே", வாங்க சார், உட்காருங்க என்று சொல்ல வேண்டும். சொன்னேன். "கட்!" என்றார். "வார்த்தை சரி, முதுகு சரியில்ல. ஏன் குனியிற?" மறுபடி வந்தார். மறுபடி கட். "கையை ஏன் முந்தானையில தொடைக்கிற?" எனக்குப் பொறுமை போய், "அட போய்யா!" என்று தமிழில் திட்டிவிட்டேன். அது அவருக்கு எப்படியோ விளங்கிவிட்டது.

"நீ வார்த்தைய மனப்பாடம் பண்ணாத" என்றார். "இது யாரு ஊரு? ஒன்னோட ஊரு. யாரு வந்திருக்கிறது? நாங்க. நீதான் வீட்டுக்காரி. வீட்டுக்காரி வந்தவனப் பாத்து எப்படிச் சொல்லுவா, அப்படிச் சொல்லு."

நான் மலையைப் பார்த்தேன். என் அம்மா கொழுந்து பறித்த மலை, நானும் கொஞ்ச காலம் பறித்த மலை. எங்களுக்கு அதில் ஒரு கைப்பிடி மண் சொந்தமில்லை. ஆனாலும் அவர் சொன்னது பிடித்திருந்தது. நிமிர்ந்து நின்று சொன்னேன், "ஆயியே." அவர் கட் சொல்லவில்லை.

சனிக்கிழமை மகள் வந்தாள், குடையும் கைப்பையுமாக, டீச்சர் களையோடு. டைரக்டர் எழுந்து அவளுக்குக் கும்பிடு போட்டார். நான், "சார், ஆப் பைட்டியே" என்றேன். மகளின் கண் விரிந்தது. பெண்களிடம் அவர் சொன்னதைச் சொன்னேன், திரும்பி அவரிடம், "சார், ஆப் தேக்கியே", நீங்க பாருங்க என்றேன். அவர் ஒவ்வொன்றுக்கும் பெரிய மனிதத் தோரணையில் தலையசைத்தார். நடிப்புத்தான். நடிப்பை விட்டவர் எனக்காகத் திரும்ப நடித்தார். மற்றவர்களிடமும் முன்பே சொல்லி வைத்திருந்தார் போல, ஒருத்தரும் சிரிக்கவில்லை.

மகள் என் காதில், "ஐயோ அம்மா, என்ன அழகா பேசுற! அந்த மேடம் ஒன்னோட இப்படித்தான் பேசுவாங்களா?" என்றாள்.

"பின்ன? ஆப் ஆப்னுதான் கூப்பிடுவாங்க" என்றேன். தப்பித்தோமடா சாமி என்று மூச்சு விட்டேன்.

நாங்கள் மூன்று பேரும் நிழலில் உட்கார்ந்திருந்தோம். அவள் தன் பரீட்சை இந்தியில் டைரக்டரிடம் ஏதோ கேட்க, அவர் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். அப்போது மேலே பாறையில் கேமராவோடு இருந்தவன் கீழே யாரையோ பார்த்துக் கத்தினான். "ஏ! பானி லா! ஜல்தி!"

ஏய், தண்ணி கொண்டா, சீக்கிரம்.

அவன் கத்தியது தங்கள் ஆள் ஒருவனைப் பார்த்துத்தான். ஆனால் நான் எழுந்துவிட்டேன். எழுந்தது எனக்கே தெரியாது. தண்ணிப் பெட்டியைத் திறந்தேன், போத்தலை எடுத்தேன், முந்தானையால் துடைத்தேன், தேயிலைச் செடிகளுக்கு நடுவே ஓடி ஏறி, தலையைக் குனிந்து இரண்டு கையாலும் நீட்டினேன். அவன் திகைத்துப் போய் வாங்கிக் குடித்தான். வெறும் போத்தலை வாங்கிக்கொண்டு நான் ஒரு ஓரமாக ஒதுங்கி நின்றேன். அப்படி நின்றபோதுதான் நான் எங்கே இருக்கிறேன் என்பது உறைத்தது.

கீழே பார்த்தேன். மகள் எழுந்து நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

டைரக்டர் ஒரு நொடியில் தோளில் துண்டைப் போட்டார், ஒரு அட்டைப் பெட்டி மூடியைத் தட்டு மாதிரி பிடித்து அதில் இன்னொரு போத்தலை வைத்தார், கூன் போட்டுக்கொண்டு எனக்குப் பின்னாலேயே மலை ஏறி வந்து, "ஜீ மாலிக்! பானி!" என்று கேமராக்காரன் காலடியில் தடுக்கி விழுந்தார். கூட்டமே வெடித்துச் சிரித்தது. நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து ஏதோ விளையாட்டுக் காட்டுகிறோம் என்று நினைத்துக் கைதட்டினார்கள். அந்த மனிதன் என் மானத்தைக் காப்பாற்றினான். நன்றாக இருக்கட்டும்.

என் மகள் மட்டும் சிரிக்கவில்லை. ஏறி வந்து என் கையிலிருந்த வெறும் போத்தலைப் பிடுங்கினாள். என்னைக் கூட்டிக்கொண்டு போய் நிழலில் விட்டு, தோளைப் பிடித்து அழுத்தி, "ஆப் பைட்டியே, அம்மா" என்றாள். இந்தியில்தான் சொன்னாள். பாடமாக இல்லாமல் அந்தச் சொல்லை என்னிடம் அப்போதுதான் முதல் தடவையாக ஒருத்தர் சொன்னார்.

வேலை முடிந்து வேன் வேண்டாம் என்று சொல்லிவிட்டு ரோட்டுக்கு இறங்கி மொனராகலை பஸ்ஸில் ஏறினோம். பின்னால் ஒரு சீட் கிடைத்தது. நான் வழியெல்லாம் சமாளிக்க வார்த்தை தேடிக்கொண்டிருந்தேன். அது சும்மா விளையாட்டு என்று சொல்லலாமா, டைரக்டர்தான் அப்படிச் செய்யச் சொன்னார் என்று சொல்லலாமா. பூசி மெழுகுவதில் நான் கெட்டிக்காரி. அவள் வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள்.

பாதி வழியில் கேட்டாள், "அடிச்சாங்களா?"

"சீ, இல்லடி. என்ன பேச்சு இது? மேடம் என்னைய..."

"ராணி மாதிரி வச்சிருந்தாங்க." அவளே முடித்தாள். குரல் ஏதோ மாதிரி இருந்தது. "நீ ஃபோன்ல அதச் சொல்லுறப்பல்லாம் நான் பொறவு பெரியம்மா மடியில படுத்து அழுவேன், தெரியுமா? பட்டுச் சீல குடுத்தாங்க, பக்கத்துல ஒக்கார வச்சு சோறு போட்டாங்கன்னு சொல்லுவ. ராணி மாதிரி இருக்கிறவ ஏன் லயத்துக்குத் திரும்பி வரப்போறான்னு நெனப்பேன். எங்களவிட அந்த வீடு ஒனக்குப் புடிச்சுப்போச்சுன்னு நெனச்சேன். அதான் பின்னால நீ ஃபோன் எடுத்தா நான் வரமாட்டேன். வெளையாடப் போயிட்டான்னு பெரியம்மா சொல்லும்ல? கதவுக்குப் பின்னால நின்னு கேட்டுக்கிட்டுத்தான் இருப்பேன்."

பிள்ளையின் மனம் நோகக் கூடாது என்று கஷ்டப்பட்டுக் கட்டிய கதை. ஒவ்வொரு தடவையும் அதைச் சொல்லி முடித்து, குழந்தை நிம்மதியாகத் தூங்குவாள் என்று நம்பிக்கொண்டு நான் பாத்திரம் கழுவப் போனேன். அவள் கதவுக்குப் பின்னால் நின்றிருக்கிறாள்.

பஸ் ஒரு வளைவில் மெதுவாகத் திரும்பியது. எனக்குப் பக்கத்தில் ஒரு கிழவர் மரக்கறி மூட்டையைக் கட்டிப் பிடித்துக்கொண்டு தூங்கினார். யார் கேட்டால் என்ன என்று தோன்றியது.

"அடிச்சாங்க" என்றேன். "சோறு நின்னுக்கிட்டுத்தான் தின்பேன். ஒவ்வொரு நாளும் வீட்டுக்கு வரணும் வரணும்னுதான் கெடந்தேன். பாஸ்போர்ட்ட அவங்க பூட்டி வச்சிருந்தாங்க."

அவள் சடாரென்று திரும்பி என் முகத்தைப் பார்த்தாள். பாவி மக, அவள் முகத்தில் முதலில் வந்தது நிம்மதி. அதற்குப் பிறகுதான் அழுதாள்.